பகிர்ந்துகொண்ட மலைகள்: மால்புன் முதல் இன்ஸ்புருக் வரை ஒரு சிறு அணியின் தடத்தில்

ஆல்ப்ஸ் மலைத்தொடரில், ரைன் ஆற்றின் கிழக்குக் கரைக்கும் ஆஸ்திரிய மலைமுகடுகளுக்கும் இடையே அமைந்திருக்கும் லிக்டென்ஸ்டைன், 160 சதுர கிலோமீட்டர் பரப்பும் ஏறத்தாழ 40,000 மக்களும் கொண்ட சிற்றரசு. கோடைக்கால ஒலிம்பிக்கில் இதுவரை ஒரு பதக்கமும் பெறாத இந்நாடு, 1976 முதல் 2018 வரையிலான குளிர்கால ஒலிம்பிக் போட்டிகளில் இரண்டு தங்கம், இரண்டு வெள்ளி, ஆறு வெண்கலம் எனப் பத்துப் பதக்கங்களை வென்றிருக்கிறது. அப்பத்தும் ஆல்பைன் பனிச்சறுக்கு என்னும் ஒரே விளையாட்டில் கிடைத்தவை. இரு கால்களிலும் நீண்ட சறுக்குக் கட்டைகளைப் பூட்டிக்கொண்டு, செங்குத்தான பனிச்சரிவில் நட்டிருக்கும் கம்பங்களைச் சுற்றி வளைந்து, மிகக் குறைந்த நேரத்தில் அடிவாரத்தை அடைவதே ஆல்பைன் பனிச்சறுக்கு. சிறிய நாடொன்று இத்துறையில் பெரிய நாடுகளுக்கு இணையாக நின்றதை அதிசயம் என்று சொல்லிக் கடந்துவிடுவது எளிது. ஆனால் ரைன் சமவெளியிலிருந்து மால்புன் என்னும் மலைச்சிற்றூருக்கு ஏறி, அங்கிருந்து ஆர்ல்பெர்க் மலையைக் கடந்து, இந்த அணி தன் முதல் ஒலிம்பிக் பதக்கங்களை வென்ற இன்ஸ்புருக் வரை செல்லும் பயணி, அந்தச் சாதனைக்கு நிலத்திலும் அண்டை நாடுகளுடனான உறவிலும் தெளிவான காரணங்கள் இருப்பதைக் கண்கூடாகக் காண முடியும்.

லிக்டென்ஸ்டைனுக்கு விமான நிலையம் இல்லை என்பதால், பயணம் பெரும்பாலும் சுவிட்சர்லாந்தின் சூரிக் நகரில் தொடங்குகிறது. ரயில் முதலில் சூரிக் ஏரியின் கரையோரமாகவும், பின்னர் குர்ஃபிர்ஸ்டன் மலைச்சுவர் நேராக நீரில் இறங்கும் வாலன் ஏரியின் ஓரமாகவும் ஓடி, ஏறத்தாழ ஒரு மணி நேரத்தில் சார்கன்ஸ் நிலையத்தை அடைகிறது. அங்கிருந்து லிக்டென்ஸ்டைனின் பேருந்து ரைன் ஆற்றைக் கடக்கும்போது சுங்கச் சாவடியோ கடவுச்சீட்டுச் சோதனையோ எதிர்ப்படுவதில்லை. 1923இல் கையெழுத்தான உடன்படிக்கையின்படி இரு நாடுகளும் ஒரே சுங்க எல்லைக்குள் இருக்கின்றன, சுவிஸ் ஃபிராங்க்கே இங்கும் நாணயம். நாட்டின் வடபகுதி வழியே செல்லும் ஒரே ரயில் பாதையை ஆஸ்திரிய ரயில்வே இயக்குகிறது. பல வெளிநாடுகளில் லிக்டென்ஸ்டைனின் தூதரகப் பணிகளைச் சுவிட்சர்லாந்தே கவனித்துக்கொள்கிறது. தனக்கென்று படையும் வைத்துக்கொள்ளாமல் 1868இலேயே அதைக் கலைத்துவிட்ட இந்நாட்டின் அன்றாட வாழ்வு, இவ்வாறு அண்டை நாடுகளோடு பகிர்ந்துகொண்ட ஏற்பாடுகளின் மீதே நிற்கிறது. இந்தப் பகிர்வைக் கவனிக்காமல் அதன் பனிச்சறுக்கு அணியைப் புரிந்துகொள்ள இயலாது.

தலைநகர் வாடூஸ், கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 455 மீட்டர் உயரத்தில், இளவரசரின் கோட்டை நிற்கும் பாறைச்சரிவின் அடியில் அமைந்திருக்கிறது. நகரின் முதன்மைத் தெருவை நடந்தே முடித்துவிடலாம். அரசு மாளிகை, தேசிய அருங்காட்சியகம், கலைக்கூடம், அஞ்சல்தலை அருங்காட்சியகம் ஆகியவை அருகருகே நிற்கின்றன. அங்குப் பறக்கும் நீலமும் சிவப்புமான கொடியில் காணப்படும் பொன்னிற முடிக்கும் ஒலிம்பிக்குக்கும் தொடர்பு உண்டு. 1936ஆம் ஆண்டு பெர்லின் ஒலிம்பிக்கின்போதுதான் தங்கள் கொடியும் கரீபியத் தீவு நாடான ஹெய்ட்டியின் கொடியும் ஒன்றேபோல் இருப்பது தெரியவந்தது. அடுத்த ஆண்டே லிக்டென்ஸ்டைன் தன் கொடியில் முடியைச் சேர்த்துக்கொண்டது. அதே 1936இன் தொடக்கத்தில் ஜெர்மனியின் கார்மிஷ்-பார்ட்டன்கிர்கனில் நடந்த குளிர்கால ஒலிம்பிக்கில்தான் இந்நாட்டின் அணி முதன்முதலாகக் களமிறங்கியது. அந்தச் சிறு குழுவில், பனிப்பாதையில் இருவர் அமர்ந்து சறுக்கிச் செல்லும் வண்டிப் பந்தயமான பாப்ஸ்லேயில் பங்கேற்றவர்களுள் ஒருவர், ரஷ்யப் புரட்சிக்குப் பின் குடிபெயர்ந்த குடும்பத்தைச் சேர்ந்த எடுவார்ட் ஃபான் ஃபால்ட்ஸ்-ஃபைன். நாட்டின் ஒலிம்பிக் குழு உருவாவதற்குப் பாடுபட்டவர்களிலும் ஒருவரான அவர், 2018இல் தம் 106ஆம் வயதில் மறைந்தார். புலம்பெயர்ந்து வந்த ஒருவரின் முயற்சி நாட்டின் விளையாட்டு வரலாற்றின் தொடக்கத்திலேயே இடம்பெற்றிருப்பது, பின்னால் வரப்போகும் கதைக்கும் பொருத்தமான முன்னுரை.

வாடூஸிலிருந்து மால்புனுக்குச் செல்லும் பேருந்து ஏறத்தாழ அரை மணி நேரத்தில் 1,100 மீட்டருக்கு மேல் ஏறிவிடுகிறது. கொண்டையூசி வளைவுகள் நிறைந்த அந்தச் சாலையில் ஒவ்வொரு திருப்பத்திலும் ரைன் பள்ளத்தாக்கு இன்னும் அகன்று தெரிகிறது. எதிர்க்கரையின் சுவிஸ் மலைகள் முழு உருவத்தோடு எழுந்து நிற்கின்றன. வழியில் உள்ள ட்ரீசன்பெர்க், சுவிட்சர்லாந்தின் வாலிஸ் பகுதியிலிருந்து ஏறத்தாழ எழுநூறு ஆண்டுகளுக்கு முன் உயர்ந்த மலைச்சரிவுகளைத் தேடிவந்து குடியேறிய வால்சர் மக்களின் ஊர். சமவெளி மக்கள் வேண்டாமென்று விட்ட செங்குத்தான நிலங்களில் மரவீடு கட்டி, மாடு வளர்த்து, நீண்ட பனிக்காலத்தோடு வாழப் பழகிய அவர்களின் தனிப்பேச்சு வழக்கு இன்றும் இவ்வூரில் ஒலிக்கிறது. ஊரைத் தாண்டியதும் பேருந்து ஒரு சுரங்கப்பாதைக்குள் நுழைந்து, மலையின் மறுபக்கத்தில் ஸ்டேக் என்னும் சிற்றூரில் வெளிப்படுகிறது. 1947இல் திறக்கப்பட்ட இந்தச் சுரங்கம், மேய்ச்சல் காலத்தில் மட்டுமே மனித நடமாட்டம் மிகுந்திருந்த உட்பள்ளத்தாக்குகளைக் குளிர்காலத்திலும் எளிதாகச் சென்றடையக்கூடிய இடங்களாக மாற்றியது. பயணிக்கு அது இரண்டொரு நிமிட இருட்டாகவே தோன்றினாலும், அதன் இருபுறமும் காணும் நிலங்கள் வேறு வேறு: மேற்கே மிதமான காற்று வீசும் ஆற்றுப் பள்ளத்தாக்கு, கிழக்கே மாதக்கணக்கில் பனி மூடிய மலைக்கிண்ணம்.

அந்தக் கிண்ணத்தின் முடிவில், 1,600 மீட்டர் உயரத்தில் மால்புன் இருக்கிறது. சாலை இங்கேயே முடிந்துவிடுகிறது. அதற்கப்பால் மூன்று பக்கமும் மலைச்சரிவுகள், சில விடுதிகள், இரண்டாம் உலகப் போரிலிருந்து நாடு தப்பியதற்கு நன்றிக்கடனாக எழுப்பப்பட்ட ஒரு சிறு தேவாலயம். 1960களில் இங்குச் சறுக்குவோரை மேலே ஏற்றிச் செல்லும் இழுவைகள் அமைக்கப்பட்டன. இன்று கம்பிவடத்தில் தொங்கும் நாற்காலிகள் ஏறத்தாழ 2,000 மீட்டர் உயரமுள்ள சாரைஸ் முகடு வரை மக்களைக் கொண்டுசெல்கின்றன. ஆல்ப்ஸின் பெரிய பனிச்சறுக்குத் தலங்களோடு ஒப்பிட்டால் மால்புன் மிகச் சிறியது. ஆனால் அடிவாரத்தில் நிற்கும் பெற்றோருக்குச் சரிவின் எந்த மூலையில் தங்கள் குழந்தை சறுக்குகிறது என்பது தெரிகிறது. கீழே வந்த குழந்தை சில நிமிடங்களில் மீண்டும் உச்சியை அடைகிறது. வளைவை எங்கே தொடங்குவது, உடலின் எடையை எந்தக் காலில் எப்போது மாற்றுவது, கட்டையின் கூர்விளிம்பைப் பனியில் எவ்வளவு அழுத்துவது என்பவை ஆயிரக்கணக்கான முறை சறுக்கிச் சறுக்கியே உடலில் படியக்கூடிய திறன்கள். நாட்டின் எந்த ஊரில் பள்ளி முடிந்து புறப்பட்டாலும் பகல் வெளிச்சம் மறையுமுன் எட்டிவிடக்கூடிய தொலைவில் இத்தகைய சரிவு இருப்பது, பெரிய நாடுகளின் நகரக் குழந்தைகளுக்குக் கிடைக்காத பேறு. மக்கள்தொகையை வைத்துப் பார்த்தால் சிறியதாகத் தோன்றும் இந்நாடு, சரிவுக்கு அருகில் வளரும் குழந்தைகளின் விகிதத்தை வைத்துப் பார்த்தால் அவ்வளவு சிறியதன்று.

இந்தச் சூழலில் வளர்ந்த தலைமுறையின் மையத்தில் இரண்டு குடும்பங்கள் நின்றன. ஷான் ஊரைச் சேர்ந்த வில்லி ஃப்ரோமெல்ட், பால் ஃப்ரோமெல்ட் சகோதரர்கள் ஒரு குடும்பம். மற்றொன்று வென்சல் குடும்பம். 1956இல் மேற்கு ஜெர்மனியில் பிறந்த ஹன்னி வென்சல், கைக்குழந்தையாக இருந்தபோதே பெற்றோருடன் லிக்டென்ஸ்டைனுக்கு வந்தவர். 1974இல் சுவிட்சர்லாந்தின் சாங்க்ட் மோரிட்ஸில் நடந்த உலக வாகையர் போட்டியில் தங்கம் வென்ற பிறகே அவருக்கு இந்நாட்டின் குடியுரிமை வழங்கப்பட்டது. அவருடைய தம்பி ஆண்ட்ரியாஸும் அதே சரிவுகளில் உருவானவர். வீட்டுக்குள்ளேயே போட்டியாளரும் பயிற்சித் துணையும் கிடைத்துவிட்டதால், பெரிய நாடுகளின் பயிற்சி மையங்கள் பணம் செலவிட்டு ஏற்படுத்தும் அன்றாடப் போட்டிச் சூழல் இக்குடும்பங்களில் இயல்பாகவே அமைந்திருந்தது.

மால்புனிலிருந்து இறங்கி, ஷான் வழியாக ஆஸ்திரிய எல்லைக்கு அப்பால் உள்ள ஃபெல்ட்கிர்ச் நிலையத்தில் கிழக்கு நோக்கிச் செல்லும் ரயிலைப் பிடித்தால், ஏறத்தாழ இரண்டு மணி நேரத்தில் இன்ஸ்புருக்கை அடையலாம். புளூடென்ஸ் நகருக்குப் பிறகு பள்ளத்தாக்கு குறுகி, தண்டவாளம் பனிச்சரிவுத் தடுப்புகளின் கீழ் ஏறிக்கொண்டே சென்று, 1884இல் திறக்கப்பட்ட பத்து கிலோமீட்டருக்கும் அதிக நீளமான ஆர்ல்பெர்க் சுரங்கத்துக்குள் நுழைகிறது. மறுமுனையில் வரும் சாங்க்ட் அன்டோன், நவீன பனிச்சறுக்கு முறையின் பிறப்பிடங்களுள் ஒன்று. அருகிலுள்ள ஸ்டூபன் ஊரில் பிறந்த ஹன்னஸ் ஷ்னைடர், முழங்காலை மடக்கி உடலைத் தாழ்த்திப் படிப்படியாகத் திரும்பக் கற்றுத்தரும் முறையை இங்கு வகுத்து, அதைப் பள்ளிப்பாடம்போல் ஒழுங்குபடுத்தினார். 1928இல் இவ்வூரில் தொடங்கிய ஆர்ல்பெர்க்-கண்டஹார் பந்தயம் ஆல்பைன் போட்டிகளுக்கு வடிவம் கொடுத்தவற்றுள் முக்கியமானது. மால்புனிலிருந்து ஒரு குறுகிய ரயில் பயணத் தொலைவில் இத்தகைய ஒரு மரபு வாழ்ந்துகொண்டிருந்தது என்பதை வரைபடத்தைவிட ரயில் சன்னல் தெளிவாக உணர்த்துகிறது. மேலும் கிழக்கே, ஓட்ஸ்டால் நிலையத்திலிருந்து பிரியும் சாலை, உலகக் கோப்பைப் பருவம் அக்டோபர் இறுதியில் தொடங்கும் சோல்டன் பனியாற்றுக்குச் செல்கிறது. பனியாறு என்பது ஆண்டு முழுதும் உருகி முடியாமல் மலையில் மெல்ல நகர்ந்துகொண்டிருக்கும் உறைபனித் திரள்; வீரர்கள் இலையுதிர் காலத்திலேயே பயிற்சியைத் தொடங்க இத்தகைய சரிவுகள் இன்றியமையாதவை. அப்படியொன்று லிக்டென்ஸ்டைனில் இல்லை. ஆகவே அதன் வீரர்களின் பயிற்சிக்களம் அண்டை நாட்டு மலைகளுக்கும் நீண்டே இருக்க வேண்டியிருக்கிறது.

இன்ஸ்புருக் நகரின் தெற்கு விளிம்பில் பெர்கிசல் குன்றின் மீது ஒலிம்பிக் சுடர் எரிந்த கொப்பரைகள் இன்றும் நிற்கின்றன. 1964இல் குளிர்கால ஒலிம்பிக்கை நடத்திய இந்நகருக்கு 1976இல் அந்தப் பொறுப்பு மீண்டும் வந்ததற்குக் காரணம் அமெரிக்காவின் டென்வர்: கொலராடோ மாநில மக்கள் 1972இல் போட்டிக்கான பொதுநிதிச் செலவுக்கு எதிராக வாக்களித்ததால் டென்வர் விலகிக்கொள்ள, ஏற்கெனவே களங்களைக் கொண்டிருந்த இன்ஸ்புருக் முன்வந்தது. இதனால் லிக்டென்ஸ்டைன் அணிக்கு, ஆர்ல்பெர்க்குக்கு அப்பால் தன் வாசலிலேயே ஓர் ஒலிம்பிக் வாய்த்தது. நகருக்குத் தென்மேற்கே, ஏறத்தாழ 1,600 மீட்டர் உயரத்தில் சுண்ணாம்புக்கல் முகடுகளால் சூழப்பட்ட ஆக்சமர் லிட்சும் என்னும் களத்தில் ஸ்லாலம் போட்டிகள் நடந்தன. ஸ்லாலம் என்பது நெருக்கமாக நட்ட கம்பங்களுக்கிடையே விரைந்து திரும்பிச் செல்லும் பந்தயம். இரண்டு வெவ்வேறு தடங்களில் இருமுறை சறுக்கி, இரு நேரங்களையும் கூட்டி வெற்றியாளரைத் தீர்மானிப்பார்கள். ஒரு கம்பத்தைத் தவறவிட்டாலும் போட்டியிலிருந்து வெளியேற வேண்டியதுதான். அந்தக் களத்தில் பெண்கள் பிரிவில் மேற்கு ஜெர்மனியின் ரோஸி மிட்டர்மையர், இத்தாலியின் கிளாடியா ஜோர்டானி ஆகியோரை அடுத்து ஹன்னி வென்சலும், ஆண்கள் பிரிவில் இத்தாலியின் பியரோ குரோஸ், குஸ்டாவ் தோனி ஆகியோரை அடுத்து வில்லி ஃப்ரோமெல்டும் வெண்கலம் வென்றார்கள். நாற்பது ஆண்டுகளாக ஒலிம்பிக் களத்தில் தோன்றிக்கொண்டிருந்த ஒரு கொடி முதன்முறையாகப் பதக்க மேடையில் ஏறியது இங்கேதான். அந்தச் சரிவின் அடியில் நிற்கும் பயணிக்கு, அதன் நீளமும் சாய்வும் மால்புனில் கண்டவற்றிலிருந்து வேற்றுலகத்தவையாகத் தோன்றுவதில்லை; வீட்டில் கற்ற பாடத்தை எழுதிக்காட்டும் தேர்வுக்கூடமாகவே அது தோன்றுகிறது.

நான்கு ஆண்டுகளுக்குப் பின், 1980இல், அமெரிக்காவின் லேக் பிளாசிடில் அந்தப் பாடம் முழுமை பெற்றது. ஹன்னி வென்சல் ஸ்லாலத்திலும், கம்பங்கள் இன்னும் இடைவெளிவிட்டு நடப்பட்டு வேகம் கூடிய ஜயன்ட் ஸ்லாலத்திலும் தங்கம் வென்றார். எல்லாவற்றிலும் வேகம் மிகுந்த டவுன்ஹில் பந்தயத்தில் ஆஸ்திரியாவின் அன்னமாரி மோசர்-ப்ரோலுக்கு அடுத்து வெள்ளி பெற்றார். நுட்பமான திருப்பங்களில் தேர்ந்தவர்கள் வேகப் பந்தயத்திலும் மேடை ஏறுவது அரிது என்பதால், ஒரே ஒலிம்பிக்கில் அவர் மூன்று வகையிலும் பதக்கம் பெற்றது ஆல்பைன் வரலாற்றிலேயே உயர்ந்த சாதனைகளுள் ஒன்று. ஆண்ட்ரியாஸ் ஜயன்ட் ஸ்லாலத்தில் சுவீடனின் இங்கமார் ஸ்டென்மார்க்குக்கு அடுத்து வெள்ளி வென்றார். ஏறத்தாழ 25,000 மக்களே கொண்டிருந்த நாடு பதக்கப் பட்டியலில் ஆறாம் இடத்தில் நின்றது. அதே பருவத்தில் உலகக் கோப்பையின் ஒட்டுமொத்தப் பட்டத்தை ஆண்கள் பிரிவில் தம்பியும் பெண்கள் பிரிவில் அக்காவும் வென்றார்கள். ஹன்னிக்காக ஒலித்த நாட்டுப்பண், பிரிட்டனின் நாட்டுப்பண்ணுக்குரிய அதே மெட்டில் அமைந்தது. நாணயத்தையும் மெட்டையும் ரயிலையும் பிறரோடு பகிர்ந்துகொள்ளும் நாடு, அன்று யாரோடும் பகிராத ஓர் இடத்தில் நின்றது.

சிறிய அணியின் வலிமை சிலரிடமே குவிந்திருக்கும்போது, அந்தச் சிலரைத் தொடும் ஒவ்வொரு விதிமாற்றமும் காயமும் நாட்டையே தொடுகிறது. 1984 சரயேவோ ஒலிம்பிக்கில் ஹன்னி வென்சலும் ஸ்டென்மார்க்கும் களமிறங்க முடியவில்லை. விளம்பர வருவாயை நேரடியாகப் பெற அனுமதிக்கும் தொழில்முறை உரிமத்தை அவர்கள் பெற்றிருந்ததே காரணம். விளையாட்டால் பொருளீட்டாதவர்களே ஒலிம்பிக்கில் பங்கேற்கலாம் என்ற பழைய கொள்கை சிதைந்துகொண்டிருந்த காலத்தில் அந்த விதி கையாளப்பட்ட விதம் நியாயமாகத் தோன்றவில்லை. சுவீடன் போன்ற நாட்டுக்கு அது பேரிழப்பு; லிக்டென்ஸ்டைனுக்கோ அணியின் முதுகெலும்பையே இழந்த நிலை. ஆயினும் அங்கு ஊர்சுலா கொன்செட் ஸ்லாலத்திலும் ஆண்ட்ரியாஸ் ஜயன்ட் ஸ்லாலத்திலும் வெண்கலம் வென்றார்கள். 1988இல் கனடாவின் கால்கரியில் பால் ஃப்ரோமெல்ட் ஸ்லாலத்தில் மற்றொரு வெண்கலம் சேர்த்தார். அதன் பிறகு முப்பது ஆண்டுகள் பதக்கம் இல்லை. அந்த இடைவெளியை வெற்றிடம் என்று எண்ணிவிடக் கூடாது. மார்கோ பூகெல் 1992 முதல் 2010 வரை ஆறு குளிர்கால ஒலிம்பிக்குகளில் இந்நாட்டுக்காகச் சறுக்கினார். 1999 உலக வாகையர் போட்டியில் வெள்ளியும் வென்றார். பதக்கப் பட்டியலில் பெயர் வராத ஆண்டுகளிலும் தொடக்க விழாவில் கொடி தொடர்ந்து வந்துகொண்டிருந்ததால்தான், அடுத்த தலைமுறைக்குக் கைமாற்ற ஓர் அணி மிஞ்சியிருந்தது.

அந்தத் தலைமுறையின் முகம் டீனா வைராதர். ஹன்னி வென்சலுக்கும், டவுன்ஹில் பந்தயத்தில் உலக வாகையரான ஆஸ்திரியாவின் ஹார்ட்டி வைராதருக்கும் 1989இல் வாடூஸில் பிறந்தவர். முழங்கால் தசைநார்க் காயங்கள் அவருடைய இளமையின் பல பருவங்களை விழுங்கின; 2010 வான்கூவர் ஒலிம்பிக்கைக் காயத்தால் இழந்தார்; 2014இல் சோச்சியின் தொடக்க விழாவில் கொடியேந்தி வந்தும், பயிற்சி ஓட்டத்தில் விழுந்து அடிபட்டதால் ஒரு பந்தயத்திலும் இறங்க முடியவில்லை. மிகச் சிறிய அணி ஒன்றுக்கு இத்தகைய விபத்து எவ்வளவு பெரியது என்பதை எண்ணிக்கையே சொல்லும்: 2018இல் கொரியாவின் பியோங்சாங்குக்கு லிக்டென்ஸ்டைன் அனுப்பிய அணியில் மூன்று பேர்தான். பெரிய நாடுகளுக்குப் பயிற்சியாளர், உடற்பயிற்சி மருத்துவர், கட்டையின் அடிப்பரப்பை அன்றைய பனியின் தன்மைக்கேற்ப மெழுகிட்டுத் தீட்டும் தொழில்நுட்பர் எனப் பெரும் படையே உண்டு; ஒரே சரிவில் பலர் சறுக்குவதால் முதலில் இறங்கியவர் கண்ட ஆபத்தை அடுத்தவருக்கு வானொலியில் தெரிவிக்கவும் முடியும். தனியாக நிற்கும் வீராங்கனைக்கு இவை எதுவும் தாமாகக் கிடைப்பதில்லை. அதனால்தான் டீனா சுவிஸ் பெண்கள் அணியோடு சேர்ந்து பயிற்சி பெற்றார். எல்லையில் சோதனைச் சாவடி இல்லாத அதே உறவு, பயிற்சிச் சரிவிலும் அவருக்கு இடம் தந்தது.

அந்த ஏற்பாட்டின் முழுப்பொருள் 2018 பிப்ரவரி 17 அன்று வெளிப்பட்டது. ஒரே ஓட்டத்தில் முடிவு தெரியும், டவுன்ஹில்லின் வேகத்தையும் ஜயன்ட் ஸ்லாலத்தின் திருப்பங்களையும் இணைக்கும் சூப்பர்-ஜி பந்தயம் அன்று நடந்தது. யாரும் எதிர்பாராத விதமாகச் செக் நாட்டின் எஸ்டர் லெடெட்ஸ்கா தங்கம் வென்றார். அவருக்கு நூற்றில் ஒரு நொடி பின்னால் ஆஸ்திரியாவின் அன்னா ஃபைத். மூன்றாவதாக டீனா வைராதர். அவருக்கு மீண்டும் நூற்றில் ஒரே ஒரு நொடி பின்தங்கி மேடையைத் தவறவிட்டவர் சுவிட்சர்லாந்தின் லாரா குட். தன் பயிற்சிச் சரிவை அண்டை நாட்டவருக்குத் திறந்துவிட்ட அணி, அதனால் ஒரு பதக்கத்தையே இழக்க நேர்ந்தது என்று குறுகிய கணக்குப் போடுவோர் சொல்லலாம். ஆனால் அத்தனை ஆண்டுகள் இருதரப்பினரும் ஒருவரையொருவர் நூற்றில் ஒரு நொடி அளவுக்குக் கூர்தீட்டிக்கொண்டார்கள் என்பதே அந்தக் கால இடைவெளி காட்டும் உண்மை. 2017, 2018 ஆகிய இரு பருவங்களிலும் சூப்பர்-ஜி உலகக் கோப்பைப் பட்டத்தையும் வென்ற டீனா, 2020இல் போட்டிகளிலிருந்து ஓய்வு பெற்றார்.

இன்ஸ்புருக்கிலிருந்து மேற்கே திரும்பும் பயணிக்கு வழிநெடுகிலும் ஒரு கவலையும் உடன்வருகிறது. சமவெளியிலும் கீழ்ச்சரிவுகளிலும் குளிர்காலத்தின் நடுவிலேயே பச்சைப் புல் தெரிவது ஆல்ப்ஸில் இப்போது வியப்புக்குரியதன்று. 1,600 முதல் 2,000 மீட்டர் வரையிலான மால்புன் போன்ற தலங்கள், இயற்கைப் பனி போதாத வாரங்களில் நீரைக் குளிர்ந்த காற்றில் பீய்ச்சிச் செயற்கைப் பனி உண்டாக்கும் கருவிகளைச் சார்ந்திருக்கின்றன. அக்கருவிகளுக்கும் உறைநிலைக் குளிர் வேண்டும். பனி நிலைக்கும் எல்லை மேலேறிக்கொண்டே போனால், பள்ளிக்கும் சரிவுக்கும் இடையே இருந்த அரை மணி நேரத் தொலைவு நீளும். அப்படி நீண்டால் இந்நாட்டின் மிகப் பெரிய சாதக நிலை கைநழுவும். உயர்ந்த பனியாறுகளைக் கொண்ட அண்டை நாடுகளின் கதவு திறந்திருப்பது அப்போது இன்னும் தேவைப்படும். ஆனால் குழந்தை முதன்முதலில் கட்டைகளைப் பூட்டிக்கொண்டு நிற்கக் கற்கும் வீட்டுச் சரிவுக்கு அது ஈடாகாது.

பதக்கங்களை மக்கள்தொகையால் வகுத்து, லிக்டென்ஸ்டைனை உலகின் முதலிடத்தில் நிறுத்தும் கணக்குகள் அவ்வப்போது வெளியாவதுண்டு. அந்தக் கணக்கு பெருமை தரலாம், விளக்கம் தருவதில்லை. வால்சர் குடியேற்றம், 1947இன் சுரங்கம், 1960களின் இழுவைகள், வந்தேறிய குடும்பத்துக்கு நாடு தந்த இடம், ஆர்ல்பெர்க்கின் மரபு, சுவிஸ் அணியின் தோழமை ஆகியவை ஒன்றன்மேல் ஒன்றாக அமைந்ததால் விளைந்தவை அந்தப் பத்துப் பதக்கங்கள். எல்லாவற்றையும் தனக்குள்ளேயே கொண்டிருக்க இயலாத ஒரு நாடு, பகிர்ந்துகொள்வதைத் தன் பலவீனமாகக் கருதாமல் பயிற்சி முறையாகவே ஆக்கிக்கொண்டது. சர்வதேசப் போட்டிகளில் இரண்டு பேரோடும் மூன்று பேரோடும் அணிவகுக்கும் சிறு நாடுகள் பல. அவற்றுக்கு லிக்டென்ஸ்டைன் தரும் பாடம், வீட்டருகே ஒரு சரிவைக் காத்துக்கொள்வதும், அடுத்த வீட்டாரின் சரிவில் மரியாதையோடு இடம் பெறுவதும் சம அளவு முக்கியம் என்பதே.